ஆண்டுகள் பல உழைத்தும் அன்றாடக் கூலியா?

 



உழைப்பாளியின் வியர்வை உலருமுன் அவருடைய கூலியைக் கொடுத்துவிட வேண்டும் என்னும் நபிகளாரின் போதனையை நீங்கள் எத்தனையோ ஜும்ஆக்களில் கேட்டிருப்பீர்கள். மே மாதம் வந்துவிட்டால் அதைச் சொல்லாத மிம்பர் இல்லை. அதைக் கேட்டு, மாலையில் கூலியை எண்ணிக் கொடுத்துவிட்டால் கடமை தீர்ந்தது என்று முதலாளிகள் பலர் மனநிறைவு கொள்கின்றனர். அன்றைய கூலி அன்றே கொடுக்கப்பட்டுவிடுகிறது என்பது உண்மைதான். ஆனால் ஒரு மனிதர் அதே நிறுவனத்தில், அதே இயந்திரத்தின் முன், இருபது ஆண்டுகள் நின்று உழைத்த பின்பும், காலையில் வாயிலில் வந்து நின்று 'இன்று வேலை உண்டா?' என்று கேட்க வேண்டியவராகவே இருக்கிறார் என்றால், அவருக்குக் கொடுக்கப்பட்டது முழுக் கூலிதானா? இந்த ஒரு கேள்வியை மட்டும் இன்று எடுத்துக்கொள்வோம்.

வாணியம்பாடி, ஆம்பூர், பேரணாம்பட்டு, இராணிப்பேட்டை என்று தோல் தொழிலும் காலணித் தொழிலும் பரவிக் கிடக்கும் ஊர்களில் முதலாளிகளாகவும் நம்மவர் இருக்கின்றனர்; தொழிலாளர்களாகவும் நம்மவர் இருக்கின்றனர். ஜும்ஆவில் ஒரே ஸஃப்பில் தோளோடு தோள் நிற்கின்றனர். ஆகவே இது யாருக்கோ சொல்லப்படும் செய்தி அன்று.

முதலில், நாட்டின் சட்டம் என்ன சொல்கிறது என்பதைத் தெரிந்துகொள்வோம். தொழிலாளர்களில் பெரும்பாலோருக்கு இது தெரியாது. முதலாளிகளில் பெரும்பாலோருக்கு நன்றாகத் தெரியும்.

தமிழ்நாட்டில் 1981ஆம் ஆண்டு ஒரு சட்டம் இயற்றப்பட்டது. தொழில் நிறுவனங்களில் பணிபுரிவோருக்கு நிரந்தரத் தகுதி வழங்கும் சட்டம் அது. 24 மாத காலத்தில் 480 நாள்கள் தொடர்ச்சியாகப் பணியாற்றிய தொழிலாளி நிரந்தரமாக்கப்பட வேண்டும் என்பது அதன் சாரம். கட்டுமானப் பணிகளுக்கு இது பொருந்தாது. தொழிற்சாலை, தோட்டம், மோட்டார் போக்குவரத்து முதலியவற்றுக்குப் பொருந்தும். நோயினாலோ, விபத்தினாலோ, அனுமதிக்கப்பட்ட விடுப்பினாலோ, தொழிலாளியின் குற்றமல்லாத வேறு காரணத்தாலோ வேலை நின்றுபோனால், அதனால் பணியின் தொடர்ச்சி அறுந்துவிடாது என்றும் அச்சட்டம் சொல்கிறது. இந்த வாசகத்தைச் சிந்தையில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னர் தேவைப்படும்.

நாடு முழுமைக்கும் 1947ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டம் இருந்தது. நிரந்தரத் தொழிலாளிக்குரிய தகுதியையும் சலுகைகளையும் கொடுக்காமல் இருக்க வேண்டும் என்ற நோக்கத்துடன், ஒருவரை ஆண்டுக்கணக்கில் தற்காலிகமாகவே வைத்திருப்பது நேர்மையற்ற தொழில் நடைமுறை என்று 1982ஆம் ஆண்டில் செய்யப்பட்ட திருத்தத்தின் மூலம் அதில் சேர்க்கப்பட்டது. அச்சட்டத்தின் இடத்திற்கு 2025 நவம்பர் 21 முதல் தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பு வந்துவிட்டது. புதிய தொகுப்பில் முதலாளிகளுக்கு வசதியான மாற்றங்கள் பல உண்டு என்று தொழிற்சங்கங்கள் குறை கூறுகின்றன. ஆயினும் அந்த ஒரு வரி மட்டும் புதிய தொகுப்பிலும் இடம்பெற்றிருக்கிறது.

சகோதரர்களே! சட்டம் இவ்வளவு தெளிவாக இருக்கும்போது இருபது ஆண்டுத் தினக்கூலி எப்படி உண்டாகிறார்?

வழிகள் பல. சில மாதங்கள் வேலை கொடுத்துவிட்டு, நாள் கணக்கு நிறையப் போகிறது என்னும் வேளையில் பத்து நாள்கள் வர வேண்டாம் என்று சொல்லிவிடுவது ஒரு வழி. பத்து நாள்கள் கழித்து அவரே வருவார். அதே இடத்தில் நிற்பார். பதிவேட்டில் மட்டும் புதிய எண் போடப்படும். இதற்குத் தொழிற்சாலைகளில் 'பிரேக்' கொடுப்பது என்று பெயர். ஆண்டுதோறும் ஒப்பந்தக்காரரின் பெயரை மாற்றிக் காட்டுவது இன்னொரு வழி. ஆள் மாறுவதில்லை, வேலை மாறுவதில்லை, மேற்பார்வையாளர்கூட மாறுவதில்லை. காகிதத்தில் முதலாளியின் பெயர் மட்டும் மாறுகிறது. பதிவேட்டிலேயே பெயர் ஏற்றாமல் வவுச்சரில் கையெழுத்து வாங்கிக்கொண்டு பணம் கொடுப்பது எல்லாவற்றிலும் எளிய வழி. பி.எஃப். இல்லை, இ.எஸ்.ஐ. இல்லை. நாளை விரல் போனால் 'இவர் யாரென்றே தெரியாது' என்று சொல்லிவிடலாம்.

இந்த வழிகளைப் பற்றிக் கேள்விப்படும்போதெல்லாம் எனக்குத் திருக்குர்ஆன் கூறும் ஒரு சமுதாயத்தின் வரலாறே நினைவுக்கு வருகிறது. கடலோர ஊரொன்றில் வாழ்ந்த இஸ்ரவேலர்கள் அவர்கள். சனிக்கிழமை மீன் பிடிக்கக் கூடாது என்பது அவர்களுக்கு இறைக்கட்டளை. சோதனையாக, அந்த நாளில்தான் மீன்கள் நீர்மட்டத்துக்கு மேலே தலைகாட்டி வந்தன. மற்ற நாள்களில் வருவதில்லை. (அல்குர்ஆன் 7:163) அவர்கள் என்ன செய்தார்கள் என்பதைத் தஃப்ஸீர் ஆசிரியர்கள் விவரிக்கின்றனர். வெள்ளிக்கிழமையே வலையை விரித்து வைத்தார்கள். கரையோரம் பள்ளம் தோண்டி வைத்தார்கள். சனிக்கிழமை மீன்கள் அதில் சிக்கின. அன்று கை வைக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை போய் அள்ளிக்கொண்டு வந்தார்கள். கேட்டால், 'சனிக்கிழமை நாங்கள் மீன் பிடிக்கவில்லையே!' என்று சொல்லலாம். சொல்லளவில் அது பொய்யும் இல்லை.

அல்லாஹ்விடம் அந்த வாதம் எடுபட்டதா? அவர்களுக்கு இறங்கிய வேதனை எத்தகையது என்பதைக் குர்ஆன் ஓதுகிறவர்கள் அறிவார்கள். வெளிப்படையாகக் கட்டளையை மீறிய சமுதாயங்கள் பல உண்டு. இவர்களோ கட்டளையின் எழுத்தைக் காப்பாற்றிக்கொண்டே அதன் உயிரைக் கொன்றவர்கள். இதைத்தான் மார்க்க அறிஞர்கள் 'ஹீலா' என்று அழைத்தார்கள்.

நாள்கள் நிறைவதற்குச் சற்று முன்பாகப் பத்து நாள் 'பிரேக்' கொடுப்பவர் விரிப்பது அந்த வெள்ளிக்கிழமை வலைதான். 'நான் சட்டத்தை மீறவில்லை. அவர் 480 நாள்கள் வேலை செய்யவேயில்லை' என்று அவரும் சொல்லலாம். தொழிலாளியின் குற்றமில்லாமல் நின்றுபோன வேலை தொடர்ச்சியை அறுக்காது என்ற சட்ட வாசகத்தைச் சற்று முன்னர் சிந்தையில் வைக்கச் சொன்னேன் அல்லவா? சட்டம் இயற்றியவர்கள்கூட இந்த வலையை எதிர்பார்த்திருக்கின்றனர். அப்படியிருக்க, உள்ளங்களை அறிகிறவனிடம் எந்தப் பதிவேட்டைக் காட்டப் போகிறோம்?

ஒருமுறை ஜும்ஆ முடிந்த பின் ஒரு தொழிலதிபர் என்னிடம் வந்து கேட்டார்: 'ஹஸ்ரத், ஷரீஅத்தில் பெர்மனன்ட் என்று ஒன்று உண்டா? ஒருநாள் வேலைக்கு ஒருநாள் கூலி பேசுகிறோம். இருவருக்கும் சம்மதம். மாலையில் கொடுத்துவிடுகிறோம். மறுநாள் புதிய ஒப்பந்தம். இதில் என்ன பாவம் வந்துவிட்டது?'

நியாயமான கேள்வி. நேர்மையாகவே பதில் சொல்ல வேண்டும்.

நமது ஃபிக்ஹு நூல்களில் 'நிரந்தரப் பணியாளர்' என்ற சொல்லைத் தேடினால் கிடைக்காது. இஜாரா என்னும் பாடத்தில், கூலியும் காலமும் தெளிவாகப் பேசப்பட்டிருக்க வேண்டும் என்பதே அடிப்படை. காலத்தை வரையறுக்காமல் மாதத்துக்கு இவ்வளவு என்று பேசிக்கொண்டால் ஒவ்வொரு மாதமும் ஒப்பந்தம் புதிதாகிறது என்று ஹனஃபி அறிஞர்கள் எழுதியுள்ளனர். ஷாஃபிஈ மத்ஹபில் காலம் வரையறுக்கப்படாததை இன்னும் கண்டிப்பாகவே நோக்குகின்றனர். ஆகவே அந்தச் சகோதரர் ஓதிய பாடத்தில் பிழை இல்லை. ஓதாமல் விட்ட பாடங்கள்தாம் உள்ளன.

முதலாவது, ஒப்பந்தத்தின் நிபந்தனைகள். முஸ்லிம்கள் தாம் ஏற்றுக்கொண்ட நிபந்தனைகளுக்குக் கட்டுப்பட்டவர்கள் என்பது நபிகளாரின் போதனை. ஒருவர் தொழிற்சாலை நடத்த உரிமம் பெறும்போது அந்நாட்டுத் தொழிலாளர் சட்டங்களுக்குக் கட்டுப்படுவதாக ஏற்றுக்கொண்டுதான் பெறுகிறார். ஹராமை ஏவாத, ஹலாலைத் தடுக்காத, பலவீனருக்கு நன்மை செய்கிற சட்டம் அது. அவர் தொழிலாளியுடன் பேசும் ஒப்பந்தத்தில் அந்தச் சட்டமும் ஒரு நிபந்தனையாக வாய்பேசாமல் உட்கார்ந்திருக்கிறது. வழக்கத்தில் நிலைபெற்றுவிட்ட ஒன்று, வாயால் பேசி ஏற்ற நிபந்தனைக்கு ஒப்பானது என்பது ஃபிக்ஹு கலையின் அறியப்பட்ட விதிகளில் ஒன்று. தொழிலாளி வாயைத் திறந்து கேட்கவில்லை என்பதனால் அது இல்லாமல் போய்விடாது.

இரண்டாவது, சம்மதம். வியாபாரத்தில் சம்மதம் வேண்டும் என்றால், மறுக்கும் வலிமை உள்ளவனின் சம்மதம் வேண்டும். அடுப்பு எரிய வேண்டும் என்பதற்காகத் தலையாட்டுகிறவரின் சம்மதத்தை எந்த அளவுக்குச் சம்மதம் என்று சொல்வது என்பதை, அந்தச் சகோதரரே தம் மகளுக்குச் சம்பந்தம் பேசும்போது சம்மதம் என்பதற்கு என்ன பொருள் கொள்வார் என்று எண்ணிப் பார்த்துச் சொல்லட்டும்.

மூன்றாவதாக ஒரு வரலாறு. மூஸா (அலை) அவர்கள் எகிப்திலிருந்து அஞ்சி வெளியேறி மத்யன் நகரை அடைந்தார்கள். கையில் ஒன்றுமில்லை, தெரிந்தவர் யாருமில்லை, பசி. அவ்வூர்ப் பெரியவர் ஒருவரின் ஆடுகளுக்கு நீர் புகட்டிக் கொடுத்தார்கள். அப்பெரியவர் ஷுஐப் (அலை) அவர்களே என்று கூறுவோர் பலர். பெரியவரின் மகள், வலிமையும் நம்பகமும் உடைய இவரையே பணிக்கு அமர்த்திக்கொள்ளுங்கள் என்று தந்தையிடம் பரிந்துரைத்தார். (28:26)

அந்தப் பெரியவர் நினைத்திருந்தால், நாடற்று வந்து நிற்கும் அந்த இளைஞரை ஒருவேளைச் சோற்றுக்கு வேலை வாங்கியிருக்கலாம். 'நாளைக்கு வா, வேலை இருந்தால் சொல்கிறேன்' என்று சொல்லியிருக்கலாம். மூஸா (அலை) அவர்கள் மறுக்கும் நிலையிலா இருந்தார்கள்? ஆனால் அவர் எட்டு ஆண்டுகள் என்று காலத்தை வரையறுத்தார். பத்தாகப் பூர்த்தி செய்தால் அது உம் விருப்பம் என்றார். தம் மகளையே மணமுடித்துக் கொடுத்துக் குடும்பத்தில் ஓர் அங்கமாக்கினார். உம்மைச் சிரமப்படுத்த நான் நாடவில்லை என்றும் வெளிப்படையாகச் சொன்னார். இரு காலங்களில் எதை நிறைவேற்றினாலும் என்மீது குற்றமில்லை என்று மூஸா (அலை) அவர்களும் தம் பக்கத்தை உறுதிப்படுத்திக்கொண்டார்கள். அல்லாஹ்வைச் சாட்சியாக்கினார்கள். (28:27, 28) உலகில் பலவீனமான நிலையில் நின்ற ஒரு தொழிலாளிக்கு எழுத்தைப் போல் உறுதியான பணி நியமனம் கிடைத்த வரலாறு இது. எட்டாண்டுகள் எங்கே உறங்குவோம், எதை உண்போம் என்ற கவலை அவர்களுக்கு இருக்கவில்லை. நீண்ட காலத்தையே அவர்கள் நிறைவு செய்தார்கள் என்று இப்னு அப்பாஸ் (ரலி) அவர்கள் வாயிலாக அறிகிறோம். உறுதி அளிக்கப்பட்டவர் தம் கடமைக்கு மேலும் இரண்டாண்டுகள் கொடுத்தார். நிரந்தரமாக்கினால் வேலை செய்யமாட்டார்கள் என்று அஞ்சுவோர் இதைச் சிந்திக்கட்டும். அப்படிப்பட்ட தொழிலாளர்களும் உண்டு என்பதை நான் மறுக்கவில்லை. பணி நேரம் ஓர் அமானிதம்; அதைத் திருடுகிறவரும் அல்லாஹ்விடம் பதில் சொல்வார். ஆனால் ஒருவர் நாளை திருடக்கூடும் என்பதற்காக இன்று அவருடைய பையில் கைவிட யாருக்கும் உரிமையில்லை.

கண்ணியமானவர்களே! நிரந்தரம் என்றால் உண்மையில் என்ன? அது பதவியோ பட்டமோ அன்று. காய்ச்சலில் மூன்று நாள் படுத்தால் அடுப்பு அணையாது என்னும் உறுதி. மகளின் பிரசவத்துக்கு ஊருக்குப் போய்த் திரும்பினால் இடம் இருக்கும் என்னும் உறுதி. கண் மங்கி, முதுகு வளைந்த பின் வெறுங்கையோடு அனுப்பப்படமாட்டோம் என்னும் உறுதி. நபி (ஸல்) அவர்கள் தம் அரசின் ஊழியர்களுக்கு இதை எண்ணியிருக்கிறார்கள். நம் பணியில் அமர்த்தப்படுகிறவருக்கு மனைவி இல்லையெனில் மணம் முடிக்கவும், பணியாள் இல்லையெனில் பணியாளைப் பெறவும், வீடு இல்லையெனில் வீடு அமைத்துக்கொள்ளவும் வழி இருக்க வேண்டும் என்ற கருத்தில் அவர்கள் கூறியதை அபூதாவூத் நூலில் காண்கிறோம். ஓர் ஊழியரின் தேவை அன்றைய சாப்பாட்டோடு முடிந்துவிடுவதில்லை என்பது அதில் விளங்குகிறது.

உமர் (ரலி) அவர்கள் ஒருநாள் பார்வையிழந்த முதியவர் ஒருவர் வாயில்தோறும் யாசிப்பதைக் கண்டார்கள். விசாரித்தபோது அவர் யூதர் என்று தெரிந்தது. ஜிஸ்யா வரிக்கும் வயிற்றுக்கும் முதுமைக்குமாக யாசிப்பதாக அவர் சொன்னார். உமர் (ரலி) அவர்கள் அவரைத் தம் இல்லத்துக்கு அழைத்துச் சென்று உதவினார்கள். பின்னர் பைத்துல்மால் பொறுப்பாளரை அழைத்து, இவருடைய இளமையில் நாம் வாங்கித் தின்றுவிட்டு முதுமையில் கைவிடுவது நீதியாகாது என்ற பொருள்பட எடுத்துரைத்து, அவருக்கும் அவரைப் போன்றோருக்கும் உதவித்தொகை வழங்கச் செய்தார்கள். இமாம் அபூயூசுஃப் (ரஹ்) அவர்கள் தம் கிதாபுல் கராஜில் இதைப் பதிவு செய்துள்ளார்கள். வரி செலுத்திய ஒரு குடிமகனுக்கே இந்த நிலைப்பாடு என்றால், முப்பது ஆண்டுகள் தோலை உரித்தும் துவைத்தும் காயவைத்தும் கொடுத்து, நம் வீட்டை மாடியாக்கிய மனிதருக்கு என்ன நிலைப்பாடு?

ஒரு சிறு கணக்குப் போட்டுப் பாருங்கள். பணிக்கொடை என்பது ஆண்டுக்குப் பதினைந்து நாள் கூலி. நாளொன்றுக்கு 500 ரூபாய் கூலி பெறும் ஒருவர் முப்பது ஆண்டுகள் உழைத்திருந்தால், 450 நாள் கூலி, 2,25,000 ரூபாய். வருங்கால வைப்பு நிதியில் முதலாளி செலுத்த வேண்டிய பங்கை இதில் சேர்க்கவில்லை. போனசைச் சேர்க்கவில்லை. 'பிரேக்' என்றும் ஒப்பந்தக்காரர் என்றும் காட்டி இந்தத் தொகை கொடுக்கப்படாமல் போனால், அது யாருடைய கல்லாவில் இருக்கிறது?

இப்போது ரமளானுக்கு வருவோம். இருபத்தேழாம் கிழமை முதலாளி உறைகளில் ஜகாத் பணம் போட்டு வைக்கிறார். அந்தத் தொழிலாளியும் வரிசையில் நின்று ஓர் உறையைப் பெற்று, கண் கலங்கி, துஆச் செய்துவிட்டுப் போகிறார். உறைக்குள் இரண்டாயிரம் ரூபாய். அவருக்குச் சேர வேண்டிய இரண்டே கால் லட்சத்தை வைத்துக்கொண்டு, அதிலிருந்து இரண்டாயிரத்தை எடுத்து அவருக்கே தர்மமாகக் கொடுத்து, அவருடைய துஆவையும் வாங்கிக்கொள்கிறோம். கடனைக் கொடுக்காமல் தர்மம் செய்கிறவரைப் பற்றி ஃபிக்ஹு என்ன சொல்கிறது என்று அந்த உறைகளை எழுதும் முன் ஓர் ஆலிமிடம் கேட்டுக்கொள்வது நல்லது.

குகையில் சிக்கிய மூவரின் வரலாறு உங்களுக்குத் தெரியும். அவர்களில் மூன்றாமவர் ஒரு தொழிலதிபர். ஒரு கூலியாள் தன் கூலியை வாங்காமல் போய்விட்டார். இவர் அந்தக் கூலியைப் போட்டு வைக்கவில்லை, பெருக்கினார். அது மந்தைகளாகப் பல்கிப் பெருகியது. பல காலம் கழித்து அவர் திரும்பி வந்து தம் கூலியைக் கேட்டபோது, கண்ணுக்கு முன் நின்ற அனைத்தையும் காட்டி, இவை உம்முடையவை என்றார். என்னைக் கேலி செய்யாதீர் என்றார் கூலியாள். கேலி இல்லை, அனைத்தையும் ஓட்டிக்கொண்டு போனார். அந்தச் செயலை முன்வைத்துக் கேட்ட துஆவில்தான் குகையின் பாறை முழுதும் விலகியது. அவர் அன்றைய ஒருநாள் கூலியை மட்டும் எண்ணிக் கொடுத்திருந்தாலும் மார்க்கத்தில் குற்றமாகியிருக்காது. ஆனால் உழைப்பு தம்மிடம் இருந்து வளர்ந்ததில் உழைத்தவனுக்கும் பங்குண்டு என்று அவருடைய உள்ளம் சொல்லியது.

இனி அரசாங்கத்தின் பக்கம் வருவோம். தனியார் முதலாளிகளை மட்டும் குறை சொல்லிக்கொண்டிருப்பது நீதியாகாது. இந்நாட்டில் தினக்கூலிகளை மிக அதிக காலம் தினக்கூலிகளாகவே வைத்திருப்பதில் அரசு அலுவலகங்கள் யாருக்கும் சளைத்தவை அல்ல. பொதுப்பணித் துறையிலும் நெடுஞ்சாலைத் துறையிலும் என்.எம்.ஆர். என்று ஒரு பெயருண்டு. அந்தப் பதிவேட்டில் பெயர் ஏறியவர் பேரன் எடுக்கும் வயதிலும் அதிலேயே இருப்பார்.

1990ஆம் ஆண்டில் கர்நாடகத்தின் தினக்கூலிப் பணியாளர்கள் தொடுத்த வழக்கில், பத்தாண்டுகள் நிறைவு செய்த ஏறத்தாழ ஐம்பதாயிரம் பேரைப் பணிவரன்முறை செய்யும் திட்டத்துக்கு உச்ச நீதிமன்றம் வழிவகுத்தது. பின்னர் 2006 ஏப்ரல் 10ஆம் நாள், உமாதேவி வழக்கு என்று அறியப்படும் வழக்கில், ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு வேறு தீர்ப்பு வழங்கியது. அரசுப் பணி என்பது எல்லாக் குடிமக்களுக்கும் திறந்திருக்க வேண்டிய வாயில். பின்வாசல் வழியாக வந்தவர் நீண்ட நாள் இருந்தார் என்பதனாலேயே நிரந்தரம் கோர உரிமையில்லை என்றது. அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், நீதிமன்றத் தடையாணைகளின் துணையின்றி, பத்தாண்டுகள் பணியாற்றியவர்களுக்கு மட்டும் ஒருமுறை விலக்களித்தது. தமிழக அரசும் அதே ஆண்டு பிப்ரவரி 28இல் அரசாணை 22 மூலம், 2006 ஜனவரி 1 அன்று பத்தாண்டுகள் நிறைவு செய்திருந்த தினக்கூலிகளுக்கு வழி செய்திருந்தது. ஒரு மாதம் குறைந்தவர் வாயிலுக்கு வெளியே நின்றார்.

பின்வாசல் கூடாது என்பதில் நீதி இருக்கிறது. தேர்வெழுதிக் காத்திருக்கும் ஏழைப் பிள்ளையின் உரிமையும் உரிமைதான். சிபாரிசில் உள்ளே நுழைவோரை நாம் ஆதரிக்க முடியாது. ஆனால் கூட்டிப் பெருக்கவும் குழாய் திறக்கவும் அழைக்கப்பட்டு வந்த பெண்மணி எந்தப் பின்வாசலைத் திறந்தார்? விளம்பரம் செய்து முறைப்படி ஆளெடுக்க வேண்டியது அதிகாரியின் கடமை. அவர் தம் கடமையைச் செய்யாமல் விட்டதற்கான தண்டனை, அவர் அழைத்ததால் வந்தவருக்கு விதிக்கப்பட்டது. ஏறத்தாழ இருபதாண்டுகளாக, எங்கே ஒரு தினக்கூலி நிரந்தரம் கேட்டாலும் அவர் முகத்துக்கு நேரே உமாதேவி தீர்ப்பு நீட்டப்பட்டு வந்தது.

அண்மைக் காலத்தில் அந்நிலையில் ஒரு மாற்றம் தெரிகிறது. மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவுப் பணியும் தோட்டப் பணியும் செய்துவந்த சிலர், பத்தாண்டுகளுக்கும் மேல் உழைத்த பின் 2018இல் திடீரென நீக்கப்பட்டனர். நிரந்தரம் கேட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போனதுதான் அவர்கள் செய்தது. 2024 டிசம்பர் 20 அன்று உச்ச நீதிமன்றம் அந்த நீக்கத்தை ரத்து செய்து அவர்களைப் பணிவரன்முறை செய்ய ஆணையிட்டது. முறையற்ற நியமனங்களைத் தடுக்க வந்த 2006ஆம் ஆண்டுத் தீர்ப்பை, நெடுநாள் உழைத்தவர்களுக்கு எதிரான ஆயுதமாக்கக் கூடாது என்பது அதன் கருத்து. 2025 ஜனவரி 31 அன்று, காஸியாபாத் மாநகராட்சியில் 1998 முதல் பணியாற்றி 2005இல் வெளியேற்றப்பட்ட தோட்டக்காரர்களுக்குச் சாதகமான தீர்ப்பு வந்தது. அதே ஆண்டு ஆகஸ்டு 19 அன்று, உத்தரப் பிரதேச உயர்கல்விப் பணி ஆணையத்தில் 1989க்கும் 1992க்கும் இடையில் தினக்கூலிகளாகச் சேர்ந்தவர்களை 2002 முதலே நிரந்தரப் பணியாளர்களாகக் கருத வேண்டும் என்றது நீதிமன்றம். பணமில்லை என்று அரசு சொன்ன காரணம் ஏற்கப்படவில்லை. முப்பது ஆண்டுகளுக்கும் மேல் காத்திருந்து பெற்ற நீதி! அதற்குள் எத்தனை பேருடைய பிள்ளைகள் படிப்பை நிறுத்தியிருப்பார்கள் என்பதை எந்தத் தீர்ப்பும் எழுதுவதில்லை.

இதே ஆகஸ்டு மாதத்தில்தான் சென்னையில் ரிப்பன் மாளிகை முன் தூய்மைப் பணியாளர்கள் பதின்மூன்று நாள்கள் இரவும் பகலும் அமர்ந்திருந்தார்கள். இராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலங்களின் துப்புரவுப் பணி தனியாரிடம் ஒப்படைக்கப்பட்டதை எதிர்த்தும் நிரந்தரம் கேட்டும் நடந்த போராட்டம் அது. பெரும்பாலோர் பெண்கள். 13ஆம் நாள் நள்ளிரவை ஒட்டி, உயர் நீதிமன்ற ஆணையைக் காட்டிக் காவல்துறையினர் அவர்களை அப்புறப்படுத்தினர். கொரோனா காலத்தில் நாமெல்லாம் கதவைத் தாழிட்டுக்கொண்டு வீட்டுக்குள் தொழுதுகொண்டிருந்தபோது, நம் தெருக்களைச் சுத்தம் செய்தவர்கள் இப்பணியாளர்கள்தாம். அவர்களுடைய கோரிக்கையில் நமக்கு ஒரு கருத்தும் இல்லை என்பது போல நம் ஜமாஅத்துகள் இருந்துவிட்டன. எனக்கு அது சரியாகப்படவில்லை.

சரி, அரசையும் ஆலையையும் பேசினோம். இந்தப் பேச்சை இங்கேயே நிறுத்திவிட்டால் பள்ளிவாசல் நிர்வாகிகள் மகிழ்ச்சியோடு வீடு திரும்புவார்கள். ஆகவே இன்னும் சிறிது நேரம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஓர் ஊரில் மோதினார் ஒருவர் இருந்தார். ஊர்ப் பெயர் வேண்டாம். இருபத்திரண்டு ஆண்டுகள் பாங்கு சொன்னார். ஸுப்ஹுக்கு முன் எழுந்து தண்ணீர்த் தொட்டியை நிரப்புவார். ஜனாஸா வந்தால் குளிப்பாட்டுவார். பெருநாளன்று பந்தல் கட்டுபவரும் அவர்தான். நியமனக் கடிதம் கிடையாது. விடுமுறை நாள் கிடையாது. ஊதியத்தை வவுச்சரில் பெற்றுக்கொள்வார். தொண்டையில் நோய் வந்து குரல் கம்மியபோது, ஜமாஅத்தார் கூடி, ஒரு சால்வையும் பத்தாயிரம் ரூபாயும் கொடுத்து, 'அல்லாஹ் உங்களுக்குப் பரக்கத் செய்வான்' என்று அனுப்பிவைத்தார்கள். அவர் தங்கியிருந்த அறைக்குப் புதிய மோதினார் வந்துவிட்டார். பழையவர் குடும்பத்துடன் மருமகன் வீட்டுத் திண்ணைக்குப் போனார். மறுமையில் கழுத்து உயர்ந்து நிற்பவர்கள் பாங்கு சொன்னவர்கள் என்று நாம் அதே பள்ளியில் பயான் செய்கிறோம்.

அரபிக் கல்லூரிகளின் சமையற்காரர்கள், நம் பள்ளிக்கூடங்களில் ஆண்டுதோறும் ஏப்ரலில் நிறுத்தப்பட்டு ஜூனில் மறுபடியும் அழைக்கப்படும் ஆசிரியைகள், ஷாதி மஹாலைக் கழுவும் பெண்கள் ஆகியோரையும் இதே வரிசையில் வையுங்கள். மே மாதச் சம்பளத்தை மிச்சப்படுத்துவதற்காக நிறுத்தப்படும் ஆசிரியையின் கதையும் வெள்ளிக்கிழமை வலையின் கதையும் ஒன்றுதான். அது தர்ம ஸ்தாபனம், நிதி இல்லை என்பார்கள். மினாராவுக்கு நிதி வந்தது, குளிர்சாதனத்துக்கு வந்தது. வருவதில்லை என்று சொல்ல முடியாது.

ஒருவரைக் கூலிக்கு அமர்த்தி, வேலையை முழுமையாக வாங்கிக்கொண்டு, அவருக்குரியதைக் கொடுக்காதவனுக்கு எதிராக மறுமையில் தானே வழக்காடுவதாக அல்லாஹ் அறிவித்திருப்பதை நபி (ஸல்) அவர்கள் நமக்கு எடுத்துச் சொன்னார்கள். (புகாரீ) அந்த வழக்கில் எதிர்த்தரப்பாக நிற்பது ஆலை முதலாளியாகவும் இருக்கலாம், ஜமாஅத் செயலாளராகவும் இருக்கலாம்.

நிர்வாகிகளிடம் ஒரு வேண்டுகோள். இந்த மாதக் கூட்டத்தில் ஒரு பதிவேட்டைத் திறந்து, நம் நிறுவனங்களில் இரண்டாண்டுகளுக்கு மேல் பணியாற்றும் ஒவ்வொருவரின் பெயரையும், சேர்ந்த தேதியையும் எழுதுங்கள். சேர்ந்த தேதியே தெரியாதவர்கள் எத்தனை பேர் என்பது அப்போது தெரியும். அவர்களுக்கு நியமனக் கடிதம் கொடுங்கள். வார விடுமுறையை அதில் எழுதுங்கள். மாதந்தோறும் ஒரு தொகையை ஓய்வுக்கால நிதியாகத் தனிக் கணக்கில் போடுங்கள். வக்ஃபு வாரியத்தின் உலமா ஓய்வூதியத்துக்குத் தகுதியானவர்களுக்கு விண்ணப்பம் எழுதிக் கொடுங்கள். நல வாரியத்தில் உறுப்பினராக்குங்கள். முதலாளிகளும் இதையே செய்யலாம். உங்கள் கணக்கருக்கு ஒருநாள் வேலைதான்.

தொழிலாளர் சகோதரர்களே! உங்களிடம் ஒன்றைச் சொல்லிக்கொள்கிறேன். கடன் கொடுக்கல் வாங்கலை எழுதி வைக்கும்படி அல்லாஹ் திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனத்தில் கட்டளையிட்டிருக்கிறான். (2:282) உங்கள் உழைப்பும் ஒரு கொடுக்கல்தான். கூலிச் சீட்டு எதையும் எறியாதீர்கள். அடையாள அட்டை, இ.எஸ்.ஐ. சீட்டு, கேட் பாஸ், வருகை அட்டை, முதலாளி கொடுத்த பெருநாள் வாழ்த்து அட்டையில் உங்கள் பெயர் இருந்தால் அதுவும்கூட, எல்லாவற்றையும் ஒரு பையில் போட்டு வையுங்கள். எந்தத் தேதியில் சேர்ந்தோம், எந்தத் தேதியில் 'பிரேக்' கொடுத்தார்கள், மறுபடி எப்போது அழைத்தார்கள் என்பதை ஒரு நோட்டில் எழுதுங்கள். எழுதத் தெரியாவிட்டால் படிக்கும் பிள்ளையிடம் சொல்லி எழுதுங்கள். நாளொன்றுக்கு ஒரு வரி போதும்.